சனிக்கிழமை வீடு: கார்க்கியின் குழந்தைப் பருவத்தை மறுபடி வாசித்தல்

எங்கள் வாசகர் வட்டத்தில் மாதத்துக்கு ஒரு புத்தகம். போன மாதம் மக்ஸீம் கார்க்கியின் ‘எனது குழந்தைப் பருவம்’. பரிந்துரைத்தவன் நான்தான். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், ஜூமில் பதினைந்து பேர். எல்லாரும் நன்றாகத்தான் பேசினார்கள். கடைசியில் முதுகலை படிக்கிற ஒரு தங்கை மைக்கை ஆன் செய்து, “அண்ணா, நல்ல புக்தான், இல்லேங்கல. ஆனா பாதிக்கு மேல என்னால முடியல. அடி, அழுகை, மறுபடி அடி. ஏழை வீட்டுப் பையனோட கஷ்டத்த இப்படி எழுதி நம்மள அழவெக்கறது ஒரு மாதிரி வறுமைய விக்கிறது இல்லையா?” என்று கேட்டாள்.

எனக்குச் சட்டென்று பதில் வரவில்லை. யதார்த்தவாதம், பத்தொன்பதாம் நூற்றாண்டு ருஷ்யா என்று எதையோ சொல்லி ஒப்பேற்றினேன். அவளுக்கும் அது பதிலாகப் படவில்லை, எனக்கும் படவில்லை. அன்று ராத்திரியே புத்தகத்தை மறுபடி எடுத்தேன். இந்தக் கட்டுரை அவளுக்கு நான் சொல்லியிருக்க வேண்டிய பதில். பாதி அவளுக்கு, மீதி எனக்கு.

அவள் கேட்டதில் நியாயம் இருக்கிறது. ஏழைக் குழந்தையை வைத்துத் தமிழில் எழுதப்பட்ட எத்தனையோ கதைகளில் அந்தக் குழந்தைக்கு ஒரே வேலைதான், ஒன்றும் அறியாமல் இருப்பது. கிழிந்த சட்டையோடு வாசலில் நிற்கும். ஒரு பலகாரத்துக்கு ஏங்கும். கடைசிப் பத்தியில் நமக்குத் தொண்டை அடைக்கும். அந்தக் குழந்தை யாரையும் திருப்பி அடிக்காது, பொய் சொல்லாது. திருடினாலும் தம்பிக்காகத்தான் திருடும். இப்படிப்பட்ட குழந்தைமேல் இரக்கப்பட நமக்கு ஒரு செலவும் இல்லை. நான் அந்த மாதிரி ஒரு வீட்டில் வளர்ந்தவன். அந்தக் கதைகளில் என்னை நான் பார்த்ததே கிடையாது. நான் அவ்வளவு நல்ல பையன் இல்லை.

கார்க்கியின் அல்யோஷாவும் நல்ல பையன் இல்லை. நான் சொல்ல வருவது அதைத்தான்.

நான் இந்தப் புத்தகத்தை முதலில் படித்தது பதினொன்றாம் வகுப்பில். ஈரோட்டில், நியூ செஞ்சுரி புத்தக வேன் வந்து நின்றபோது வாங்கியது. பழைய சோவியத் புத்தகங்கள் அப்போதும் கொஞ்சம் கிடைத்தன. விலை குறைவு, அட்டை கெட்டி, அதுதான் வாங்கியதற்குக் காரணம். என் அப்பா சாயப்பட்டறையில் வேலை பார்த்தவர். அந்த வாரம் பட்டறையில் என்ன கலர் ஓடியது என்று அவர் நகக்கண்ணைப் பார்த்தாலே தெரியும். புத்தகத்தைப் புரட்டியபோது அதிலும் ஒரு சாயப்பட்டறை இருந்தது. மஞ்சள் துணி கறுப்புத் தண்ணீருக்குள் போய்க் கருநீலமாக வெளியே வருவதை ஒரு சின்னப் பையன் வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தான். வோல்கா கரையில் நீஷ்னி நோவ்கரத் என்ற ஊரில் ஒரு சாயக்காரர் வீடு. எனக்கு அது பவானி ஆற்றங்கரை மாதிரிதான் பட்டது.

இன்னொரு ஒற்றுமை படிக்கப் படிக்கத் தெரிந்தது. எங்கள் பக்கம் வாரச் சம்பளம், சனிக்கிழமை கைக்கு வரும். சனிக்கிழமை ராத்திரிதான் எங்கள் வீட்டில் சண்டை. அல்யோஷாவின் தாத்தா வஸீலி காஷிரின், வாரம் முழுக்கப் பேரப்பிள்ளைகள் செய்த தப்புகளைச் சேர்த்துவைத்து, சனிக்கிழமை மாலை கோயில் பூஜைக்குக் கிளம்புமுன் வரிசையாக நிறுத்தி விளாறால் அடிப்பவர். கிழமை ஒன்றாக இருந்ததில் எனக்கு ஏதோ ஒரு சொந்தம் வந்துவிட்டது.

புத்தகத்தைப் பற்றி நம்மிடம் புழங்குகிற சித்திரம் தெரிந்ததுதான். அநாதைச் சிறுவன், கொடிய வறுமை, அன்பான பாட்டி, அதிலிருந்து எழுந்த மாபெரும் எழுத்தாளன். அலெக்ஸேய் பெஷ்கோவ் என்ற பையன் பின்னாளில் ‘கசப்பு’ என்று பொருள்படும் கார்க்கி என்ற பெயரை வைத்துக்கொண்டான் என்பதும் அந்தச் சித்திரத்தோடு ஒட்டிக்கொள்ளும். ரகுநாதன் மொழிபெயர்த்த ‘தாய்’ நாவலைப் படித்துவிட்டு இதற்கு வருகிறவர்கள், பாவெலின் பால்யத்தைப் படிப்பதுபோலவே இதைப் படிப்பார்கள். நானும் அப்படித்தான் படித்தேன்.

ஆனால் புத்தகத்தின் வரிசை வேறு. அல்யோஷா அந்த வீட்டுக்குள் நுழையும்போது அது ஏழை வீடே கிடையாது. தாத்தா படகிழுக்கும் கூலியாக ஆரம்பித்துச் சாயப்பட்டறை முதலாளியானவர். ஆட்கள் இருக்கிறார்கள், குதிரை இருக்கிறது, சாப்பாட்டுக்குப் பஞ்சமில்லை. இல்லாதது ஒன்றுதான். அந்த வீட்டில் யாரும் யாரையும் நம்பவில்லை. மாமன்கள் மிகைலும் யாக்கவும் சொத்தைப் பிரித்துக்கொடு என்று அப்பனோடு மல்லுக்கு நிற்கிறார்கள். தங்கை வார்வரா, அதாவது அல்யோஷாவின் அம்மா, புருஷனை இழந்து பிறந்த வீட்டுக்கு வந்திருக்கிறாள். தரப்படாமல் நின்றுபோன தன் சீதனத்தை அவள் கேட்டுவிடுவாளோ என்ற பயத்தில் சண்டை இன்னும் முற்றுகிறது. பையன் வந்த கொஞ்ச நாளிலேயே சாப்பாட்டு மேசையில் மாமன்கள் கட்டிப் புரள்கிறார்கள்.

வறுமை அதற்குப் பிறகுதான் வருகிறது. சொத்து பிரிகிறது, பட்டறை போகிறது, வீடு மாற்றி வீடு போகிறார்கள். அம்மாவின் இரண்டாவது புருஷன் சீட்டாட்டத்தில் தோற்கிறான். கடைசியில் தாத்தாவும் பாட்டியும் ஒரே அறையில் இருந்துகொண்டு தனித்தனிக் கணக்கு வைத்துச் சாப்பிடுகிறார்கள். ஒருநாள் அவர் செலவு, ஒருநாள் அவள் செலவு. தேயிலையை உள்ளங்கையில் கொட்டி எண்ணிப் போடுகிறார் தாத்தா. சாமி விளக்குக்கு எண்ணெய்கூட ஆளுக்கு ஆள் தனித்தனி. ஏழையானதால் சண்டை வந்தது என்று நாம் சாதாரணமாகச் சொல்வோம். இந்த வீடு சண்டை போட்டுச் சண்டை போட்டு ஏழையானது.

இங்கே கி.ரா.வின் ‘கதவு’ ஞாபகத்துக்கு வருகிறது. தீர்வை பாக்கிக்காகக் கதவைப் பிடுங்கிக்கொண்டு போகிறார்கள். கதவில்லாத வீட்டின் குளிர் கைக்குழந்தையைக் கொண்டுபோய்விடுகிறது. கடைசியில் பிள்ளைகள் அந்தக் கதவைக் கண்டுபிடித்துப் போய்க் கட்டிக்கொள்கிறார்கள். எனக்கு மிகவும் பிடித்த கதை. அதில் எதிரி வெளியிலிருந்து வருகிறான். உள்ளே அம்மாவும் பிள்ளைகளும் ஒரே பக்கம். அதனால்தான் கதவு அங்கே அத்தனை பெரிய பொருளாகிறது, அது எதிரியை வெளியே நிறுத்துகிறது. காஷிரின் வீட்டுக்குக் கதவு இருந்து என்ன பிரயோஜனம்? அடிக்கிறவன் உள்ளே உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருக்கிறான். கி.ரா.வின் பிள்ளைகளுக்குத் தெரிந்தால் போதும், யார் நம்மாள், யார் இல்லை என்று. அல்யோஷாவுக்கு அது தெரியவே தெரியாது. நேற்று அடித்தவர் இன்று கட்டிலில் வந்து உட்கார்ந்து கதை சொல்கிறார்.

அந்த அடியைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். பண்டிகைக்கு விரிக்கிற வெள்ளை மேசைவிரிப்பை நீலமாக்கிப் பார்க்கலாம் என்று பையனுக்கு ஆசை. மாமன் மகன் சாஷா ஏற்றிவிடுகிறான், வெள்ளைத் துணிதான் நன்றாகப் பிடிக்கும் என்கிறான். விரிப்பின் ஓரத்தைத் தொட்டிக்குள் விட்டதுமே வேலையாள் சிகனோக் ஓடிவந்து பிடுங்குகிறான். காட்டிக்கொடுத்தவன் சாஷாவேதான். சனிக்கிழமை வருகிறது. தாத்தா அடிக்கிறார். பையன் திமிறுகிறான், தாத்தாவின் தாடியைப் பிடித்து இழுக்கிறான், விரலைக் கடிக்கிறான். நினைவு தப்பும்வரை அடி விழுகிறது. பல நாள் படுக்கை.

ஒருநாள் தாத்தா வருகிறார். கையில் இனிப்பு ரொட்டி, ஆப்பிள், உலர்ந்த திராட்சை. நீ கடித்தாய், எனக்குக் கோபம் வந்துவிட்டது என்கிற தோரணையில் பேச ஆரம்பித்து, தன் கதைக்குப் போகிறார். வோல்காவில் கயிறு கட்டிப் படகிழுத்த காலம், வெயில், தோள் தேய்ந்தது, தலைக்கு மேல் கொதித்த வானம். அந்தச் சின்னக் கிழவர் பேசப் பேசப் பெரியவராகிக்கொண்டே போகிறார். பையன் வலியை மறந்து கேட்கிறான், போகாதே என்று நினைக்கிறான்.

இந்த இடத்தில் எழுத்தாளன் சறுக்குவதற்கு இரண்டு பக்கமும் பள்ளம். ஒன்று, தாத்தா உள்ளுக்குள் நல்லவர், அவரும் அடிபட்டவர்தானே என்று மன்னித்துவிடலாம். இல்லையென்றால் இது ஒரு வேஷம் என்று காட்டிவிடலாம். கார்க்கி இரண்டையும் செய்யவில்லை. அடியும் நிஜம், ஆப்பிளும் நிஜம், கதை அபாரமாக இருந்ததும் நிஜம். அப்பா சண்டை முடிந்த ஞாயிற்றுக்கிழமை காலையில் எங்கள் இரண்டு பேரையும் சைக்கிளில் வைத்துக் குடல் குழம்பு வாங்கக் கூட்டிப்போவார். அந்தக் குழம்பு ருசியாகத்தான் இருக்கும். ருசியாக இருந்தது என்று சொல்ல எனக்கு இவ்வளவு வருஷம் பிடித்தது.

தாத்தாவுக்குப் பின்னால் சிகனோக் வருகிறான். சட்டைக் கையைச் சுருட்டிக் காட்டுகிறான், தோலெல்லாம் வரிவரியாகத் தடித்துக் கிடக்கிறது. அடி விழும்போது விளாறு ஒடியட்டும் என்று தன் கையை நடுவில் கொடுத்திருக்கிறான். அடுத்து ஒரு பாடம் நடத்துகிறான். அடி விழும்போது உடம்பை இறுக்கிக்கொள்ளாதே, தளரவிடு, மூச்சை விடு, நன்றாகக் கத்து. இறுக்கினால் வலி இரட்டிப்பு. தன் வாழ்நாளில் வாங்கிய அடியிலிருந்து தான் கண்டுபிடித்த வித்தையை ஒரு தொழில் ரகசியம் மாதிரி சொல்லித்தருகிறான். அல்யோஷாவுக்கு இன்னும் அடி விழும் என்பதில் இரண்டு பேருக்கும் சந்தேகமே இல்லை. வேண்டாம், நாம் ஓடிப்போகலாம் என்றெல்லாம் யாரும் பேசவில்லை. பரிதாபம் காட்டுகிற எழுத்து இந்த உரையாடலை எழுதியிருக்காது. உள்ளே இருந்தவனுக்குத்தான் தெரியும், அப்படிப்பட்ட வீட்டில் பாசம் என்பது பெரும்பாலும் உபாயமாகத்தான் கைமாறும். ‘அப்பா செருப்பை உள்ளே கழற்றினா பரவால்ல, வெளிய கழற்றினாத்தான் பிரச்சினை’ என்று என் தம்பிக்கு நான் சொல்லிக்கொடுத்தது இந்த வகைதான்.

தமிழில் சமீபத்தில் இதைப் புரிந்துகொண்ட ஒரு படைப்பு என்றால் பி.எஸ். வினோத்ராஜின் ‘கூழாங்கல்’ படத்தைச் சொல்வேன். 2021இல் ரோட்டர்டாமில் டைகர் விருது வாங்கியது. குடிகார அப்பனும் மகனும் வெயிலில் நடப்பதுதான் படமே. கோபத்தோடு வீட்டுக்குத் திரும்பி அம்மாவை அடிக்கப்போகிற அப்பனைத் தாமதப்படுத்த, பஸ்ஸுக்கு வைத்திருந்த பணத்தைப் பையன் கிழித்துப்போடுகிறான். முதுகில் அடி விழும் என்று தெரிந்தேதான். தாகத்துக்கு வாயில் போட்ட கூழாங்கல்லை வீட்டுக்குப் போய் ஏற்கெனவே இருக்கிற கல் குவியலில் சேர்க்கிறான். இப்படி எத்தனை நடை நடந்திருக்கிறான் என்று அந்தக் குவியல் சொல்லிவிடுகிறது. அந்தப் பையன் அழுது நான் பார்க்கவில்லை, கணக்குப் போட்டுக்கொண்டே இருக்கிறான்.

அல்யோஷாவின் கணக்குகள் இன்னும் கரடுமுரடு. தாத்தா பாட்டியைத் தலையில் அடித்துக் கொண்டையூசிகள் மண்டையில் குத்திக்கொள்கின்றன. அந்த ஊசிகளைப் பிடுங்கியெடுப்பவன் அவன்தான். பிறகு தாத்தா உயிராக வைத்திருக்கிற புனிதர்கள் படத்தாளை எடுத்து, கத்தரிக்கோலால் தலைகளை வெட்டித் தள்ளுகிறான். பாட்டிமேல் கேரட்டை எறிந்த சாராயக்கடைக்காரப் பெண் நிலவறைக்குள் இறங்கும்வரை காத்திருந்து, மேல் கதவைப் பூட்டி, அதன்மேல் ஏறி ஆட்டம் போட்டு, சாவியைக் கூரைமேல் வீசுகிறான். கடைசியில் மாற்றாந்தந்தை மக்ஸீமவ், முழங்காலிட்டுக் கிடக்கிற அம்மாவின் நெஞ்சில் உதைப்பதைப் பார்த்ததும் ரொட்டி வெட்டுகிற கத்தியை எடுத்து அவன் விலாவில் பாய்ச்சுகிறான். அது செத்துப்போன அப்பாவின் கத்தி. அவர் நினைவாக அம்மாவிடம் மிஞ்சியிருந்தது அதுமட்டும்தான். அம்மா தள்ளிவிட்டதால் கோட்டு கிழிந்து, தோல் கீறியதோடு போயிற்று. பிறகு அம்மா கட்டிப்பிடித்து அழும்போது, அவனையும் கொல்வேன், நானும் செத்துப்போவேன் என்கிறான். சும்மா சொல்லவில்லை. நிச்சயம் செய்திருப்பான் என்றுதான் வளர்ந்த கார்க்கியும் எழுதுகிறார்.

இந்த வரிசையை மறுபடி பாருங்கள். பேப்பரை வெட்டினான், ஆளைப் பூட்டினான், கத்தி எடுத்தான். இது வீரம் வளர்வதல்ல. அந்த வீட்டின் பாஷையை அவன் நன்றாகப் பேசக் கற்றுக்கொண்டுவிட்டான். இரண்டு மாமன்களும் யாக்கவின் வீட்டில் அடிபட்டே செத்த மனைவியும் ஒரு காலத்தில் இதே வீட்டில் குழந்தைகள், மருமகள்கள். அடுத்த மிகைல் ஆகிற வழியில்தான் அல்யோஷாவும் போகிறான். அவன் தப்பித்தான் என்று நமக்குத் தெரியும், அட்டையில் பெயர் இருக்கிறது. ஆனால் புத்தகத்துக்குள் அதற்கு எந்த உத்தரவாதமும் இல்லை.

தடுத்தவள் பாட்டி அக்குலினா. இதைச் சொல்லாமல் இந்தப் புத்தகத்தைப் பற்றிப் பேச முடியாது. கதைகள், பாட்டு, நடனம், ஒவ்வொரு பூச்சிக்கும் பரிந்து பேசுகிற அவளுடைய கடவுள். தீப்பிடித்தபோது ஊரே நடுங்கி நிற்க, உள்ளே ஓடிப்போய் வெடிக்கிற சாமானைத் தூக்கிக்கொண்டு வருகிறாள். நிலவறை விவகாரத்துக்குப் பிறகு அவனைத் தனியே கூப்பிட்டு, பெரியவர்கள் விஷயத்தில் தலையிடாதே, அவர்கள் கெட்டுப்போனவர்கள், நீ இன்னும் ஆகவில்லை என்கிற பொருளில் சொல்கிறாள். முதல் வாசிப்பில் எனக்கு அவள் தெய்வம். இப்போது அப்படிச் சொல்ல வரவில்லை. அடிபட்டதை அவள் மறைக்கிறாள், பேரனையும் மறைக்கச் சொல்கிறாள். அவர் பெரியவர், அவருக்கும் கஷ்டம் என்கிறாள். குடித்துவிட்டு வீட்டை இடிக்க வருகிற மகன் மிகைலை, உள்ளே வந்தால் அடித்துப்போடுவார்கள், ஓடிப்போ என்று எச்சரிக்க ஜன்னல் வழியாகக் கையை நீட்டுகிறாள். அந்தக் கையைத்தான் அவன் கட்டையால் அடித்து உடைக்கிறான். நம் அம்மாக்கள் எல்லாரும் இதில் இருக்கிறார்கள். அவர்கள் பொறுத்துக்கொண்டதால் நாம் சாப்பிட்டோம். அதனாலேயே அடுத்த சனிக்கிழமையும் வந்தது. கார்க்கி பாட்டியை வணங்குகிறார்தான். ஆனால் உடைந்த கையையும் விடாமல் எழுதிவைத்திருக்கிறார், அதனால் நாம் வேறு மாதிரியும் பார்க்க முடிகிறது.

குறையும் சொல்லிவிடுகிறேன். நடுவில் ஓரிடத்தில் கார்க்கி கதையை நிறுத்தி, இந்த அருவருப்புகளையெல்லாம் எழுதத்தான் வேண்டுமா என்று கேட்டு, வேண்டும் என்று தானே பதில் சொல்லி, ருஷ்ய மனிதன் இதையும் மீறி வருவான் என்று நம்பிக்கை தருகிறார். பழைய பிரதிகளில் அடிக்கோடு இருப்பது பெரும்பாலும் அந்தப் பத்திதான், என் பிரதியிலும் நானே பென்சிலால் கோடு போட்டிருக்கிறேன். இப்போது அது வேண்டாததாகப் படுகிறது. புத்தகம் 1913–14இல் வெளிவந்தபோது அவருக்கு நாற்பத்தைந்தைத் தாண்டிவிட்டது, உலகப் புகழ் வந்துவிட்டது. அந்தப் பத்தியில் பேசுவது அந்தப் புகழ்பெற்ற மனிதர். எங்கள் வட்டத்துத் தங்கைக்கு ‘விற்கிற’ வாசனை வந்தது அந்தப் பத்தியிலிருந்துதானோ என்னவோ. மக்ஸீமவும் மெலிந்த பாத்திரம், வெறுப்பில் வரைந்த கோடு. தாத்தாவுக்குக் கொடுத்த நேரத்தில் கால்வாசிகூட அவனுக்கு இல்லை.

ஆனால் கடைசி அத்தியாயத்தில் வரும் தெருப்பிள்ளைகள்! பள்ளிக்கூடம் போகிற நேரம் போக அல்யோஷா கந்தல், எலும்பு, ஆணி, காகிதம் பொறுக்கி விற்கிறான், காசைப் பாட்டியிடம் தருகிறான். ஆற்றுத் தீவிலிருந்து பலகை திருடுகிற ஒரு கூட்டமும் சேர்கிறது. ஒவ்வொருவனுக்கும் காசு எதற்கு என்று கார்க்கி தனித்தனியாகச் சொல்கிறார். ஒருவன் அம்மாவுக்கு வோட்காவுக்குக் காசு கொண்டுபோகாவிட்டால் அவள் அடிப்பாள். ஒருவன் புறா வாங்கச் சேர்க்கிறான். ஒருவனின் அம்மா நோயாளி. தாத்தார் இனத்துப் பையன் ஊருக்குத் திரும்பிப்போகச் சேர்க்கிறான். ‘ஏழைக் குழந்தைகள்’ என்று ஒட்டுமொத்தமாக ஒரு கூட்டம் அங்கே கிடையாது. வோட்கா, புறா, மருந்து, பயணம் என்று ஒவ்வொருவனுக்கும் ஒரு செலவுக் கணக்கு இருக்கிறது. பள்ளியில் இவன்மேல் சாக்கடை நாற்றம் அடிக்கிறது, பக்கத்தில் உட்கார முடியவில்லை என்று பிள்ளைகள் புகார் செய்கிறார்கள். காலையில் தேய்த்துக் குளித்துவிட்டுத்தானே போனேன் என்பதுதான் அவனுக்குப் பெரிய அடி.

அதே பள்ளியில் மூன்றாம் வகுப்பு தேறிப் பரிசு வாங்குகிறான், சில புத்தகங்களும் ஒரு பாராட்டுப் பத்திரமும். தாத்தாவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை, புத்தகங்களைப் பத்திரமாகப் பெட்டியில் வைக்க வேண்டும் என்கிறார். பாட்டி நோயில் கிடக்கிறாள், கையில் காசில்லை. பையன் புத்தகங்களைக் கடையில் கொண்டுபோய் 55 கோபெக்குக்கு விற்றுப் பாட்டியிடம் கொடுக்கிறான். பாராட்டுப் பத்திரத்தில் கண்டதைக் கிறுக்கிவிட்டுத் தாத்தாவிடம் தருகிறான். அவர் விரித்துக்கூடப் பார்க்காமல் மடித்து வைத்துக்கொள்கிறார். புத்தகத்துக்காக ஒரு தடவை ரூபிள் திருடி அம்மாவிடம் அடிவாங்கியவன் இவன். வாங்கிய ஆண்டர்சன் கதைகளை அவள் பிடுங்கி வைத்துக்கொண்டது அடியைவிட வலித்தது என்றவன். அவனே பரிசுப் புத்தகத்தை விற்கிறான். கார்க்கி இதற்கு நாலைந்து வாக்கியம்தான் செலவழிக்கிறார். தியாகம் என்ற பேச்சே இல்லை. எனக்கு அழுகை வந்த இடம் இது.

இனி நான் தள்ளித் தள்ளிப் போட்ட இடம். கிரிகோரி என்றொரு மேஸ்திரி. தாத்தாவோடு சேர்ந்து பட்டறையை உண்டாக்கியவர், சாயத்திலேயே கண் மங்கியவர். பார்வை போனதும் தாத்தா அவரைத் தெருவில் விட்டுவிடுகிறார். ஒரு கிழவி கையைப் பிடித்து நடத்த, அந்தத் தெருவிலேயே பிச்சை கேட்டு வருகிறார். பாட்டி ஓடிப்போய் எதையாவது கொடுப்பாள், உள்ளே கூப்பிடுவாள். சின்ன வயதில் தன்னிடம் அவ்வளவு பிரியமாக இருந்த அந்த மனுஷரை தூரத்தில் பார்த்ததும் அல்யோஷா ஓடி ஒளிந்துகொள்கிறான். பாட்டி கேட்கிறாள், ஏன் அவரிடமிருந்து ஒளிகிறாய் என்று. வெட்கமாக இருந்தது, அவ்வளவுதான். இதற்காகக் கடவுள் நம்மைத் தண்டிப்பார் என்று பாட்டி சொன்னதையும், பத்து வருஷம் கழித்துத் தாத்தாவே வீடுவீடாகக் கையேந்தியதையும் கார்க்கி பதிவு செய்கிறார். தாத்தாவுக்குக் கிடைத்த தண்டனை நமக்குத் தெரிந்துவிடுகிறது. ஒளிந்துகொண்ட பையனைப் பற்றி அவர் ஒரு சமாதானமும் சொல்லவில்லை.

பன்னிரண்டாம் வகுப்பில் ஒரு சாயங்காலம் டியூஷன் முடிந்து நண்பர்களோடு வந்துகொண்டிருந்தேன். ஒயின்ஷாப் பக்கத்தில், மூடிய கடை வாசலில் அப்பா சாய்ந்து கிடந்தார். கையெல்லாம் பச்சைச் சாயம், அந்த வாரம் பச்சை ஓடியிருக்கிறது. கூட வந்தவன், “யாருடா இது, தெரிஞ்ச மூஞ்சியாட்டம் இருக்குது” என்றான். “தெரியலடா, வா, பஸ் போயிரும்” என்றேன். அன்றைக்கு ராத்திரி தம்பி ஏதோ நோட்டைத் தொட்டதற்காக அவனை அடித்தேன். அடிக்கும்போது வாயில் வந்த வார்த்தைகள் அப்பாவுடையவை. அப்போது என் பையில் இருந்த புத்தகம் கார்க்கியுடையது. படித்திருந்தேன், கோடு போட்டிருந்தேன், ஒன்றும் நடக்கவில்லை.

அந்தத் தங்கைக்கு நான் சொல்லியிருக்க வேண்டியது இதுதான். அழவைப்பதற்கு எழுதியிருந்தால் கிரிகோரியிடமிருந்து ஓடிய பையனைக் கார்க்கி காட்டியிருக்க மாட்டார். கத்தியை எடுத்ததோடு நிறுத்தியிருப்பார், நாமும் கைதட்டியிருப்போம். தனக்கு நடந்ததை எழுதுகிறவர்கள் நிறையப் பேர். தனக்குள் நடந்ததை எழுதுகிறபோது நமக்கு அந்தப் பிள்ளைமேல் சுலபமாக இரக்கப்பட முடியாமல் போகிறது. அவளுக்குப் பாதிக்கு மேல் முடியாமல் போனதற்கும் அதுதான் காரணமாக இருக்கலாம். அப்படியென்றால் அவள் என்னைவிட நன்றாகப் படித்திருக்கிறாள்.

புத்தகம் ஒரு சாவில் தொடங்குகிறது. அஸ்திரகானில் காலரா, மூன்று வயதுப் பையனிடமிருந்து தொற்றி அப்பா சாகிறார். மழையில் குழி, குழிக்குள் தவளைகள், பெட்டிமேல் இரண்டு ஏறியிருக்கின்றன. மண்ணைத் தள்ளிவிடுகிறார்கள். அந்தத் தவளைகள் வெளியே வந்துவிடுமா என்று பையன் பாட்டியைக் கேட்கிறான். அப்பாவைவிடத் தவளைகள்மேல் அவனுக்குக் கவலை. முடிவில் இன்னொரு சாவு, இப்போது அவனுக்குப் பதினொரு வயது. காசநோயில் கரைந்துபோன அம்மா, ஏன் இவ்வளவு நேரம் என்று அவனை இழுத்து, கத்தியின் தட்டைப் பக்கத்தால் சில அடி அடிக்கிறாள். கத்தி அவள் கையிலிருந்து நழுவுகிறது. தண்ணீர் கேட்கிறாள். கொண்டுவந்து கொடுக்கிறான், ஒரு வாய் குடிக்கிறாள். முகம் நிறம் மாறுகிறது. குவளையைப் பிடித்துக்கொண்டு கட்டிலருகே அப்படியே நிற்கிறான், எவ்வளவு நேரம் என்று தெரியாமல்.

தாத்தா உள்ளே வருகிறார். அம்மா செத்துவிட்டாள் என்று சொல்கிறான். என்ன பொய் சொல்கிறாய் என்கிற மாதிரி கட்டிலைப் பார்த்துவிட்டு, அவர் அடுப்புப் பக்கம் போய், வெந்துகொண்டிருந்த பணியாரத்தைச் சத்தத்தோடு வெளியே எடுக்க ஆரம்பிக்கிறார். பையன் அவரையே பார்த்துக்கொண்டு நிற்கிறான். மக்ஸீமவ் வந்து கத்திச் சொன்ன பிறகுதான் அவருக்குக் கேட்கிறது.